ஏற்காடு அடிவாரத்து மாம்பழப் பந்தல்: பிட்டுக் காட்டித்தான் விற்கிறார்கள்

சேலத்தில் நல்ல மாம்பழம் எங்கே வாங்கலாம் என்று யார் கேட்டாலும் இந்த சீசனிலிருந்து நான் கைகாட்டுவது ஒரே இடம்தான். அஸ்தம்பட்டியிலிருந்து கோரிமேடு வழியாக ஏற்காடு போகிற சாலையில், கொண்டப்பநாயக்கன்பட்டி தாண்டி, அடிவாரம் வருவதற்குச் சற்று முன்னால் இடது கைப்பக்கம் ஒரு தென்னங்கீற்றுப் பந்தல். பெயர்ப்பலகை கிடையாது. பந்தலை ஒட்டி ஓடுகிற ஓடைக்கரையில் ஒரு பெரிய அத்தி மரம் நிற்கிறது, அதுதான் அடையாளம். கணவன் மனைவி இரண்டு பேர் நடத்துகிறார்கள். சொந்தத் தோட்டத்துக் காய் கொஞ்சம், அக்கம்பக்கத்துத் தோட்டங்களிலிருந்து எடுப்பது கொஞ்சம். சீசன் முடிந்தால் பந்தலைப் பிரித்துவிடுவார்கள்.

ருசி பார்க்க ஓரத்தில் ஒரு பத்தை சீவிக் கொடுப்பது எல்லாக் கடையிலும் உண்டு, நான் அதைப் பற்றிப் பேசவில்லை. இங்கே ஒரு பெட்டி கேட்டால், அந்தப் பெட்டிக்குள் நாமே கைவிட்டு அடியில் இருந்தோ நடுவில் இருந்தோ ஒரு பழத்தை எடுத்துக் கொடுக்கலாம். அந்த அக்கா அதை இரண்டு கன்னமும் சீவி, கொட்டையையும் சின்னக் கொடுவாளால் பிளந்து, உள்ளே இருப்பதை அப்படியே நம் முன்னால் வைத்துவிடுவார். பிடித்தால் எடுத்துக்கொள்ளலாம், இல்லையென்றால் வேறு பெட்டி. அறுத்த பழத்துக்குக் காசு வாங்குவதில்லை. முதல் தடவை போனபோது எனக்கு நம்பவே முடியவில்லை, வியாபாரம் கட்டுமா அக்கா என்று கேட்டேன். அதற்கு அவர் சொன்ன பதில்தான் இதை இவ்வளவு நீளமாக எழுத வைத்திருக்கிறது.

"அத்திப்பழத்தப் பிட்டுப் பாத்தா அத்தனையும் புழுன்னு எங்க வியாபாரத்த யாரும் சொல்லிரக் கூடாது கண்ணு. பிட்டுப் பாத்துட்டே எடுத்துக்கிட்டுப் போ."

இந்தப் பழமொழியைச் சின்ன வயதிலிருந்து கேட்டிருக்கிறோம். சில வீடுகளில் "அத்தனையும் சொத்தை" என்று முடிப்பார்கள். வெளியில் பார்க்க லட்சணமாக இருக்கும், திறந்து பார்த்தால் உள்ளே உருப்படியாக ஒன்றும் தேறாது, அதுதான் பொருள். எங்கள் பக்கம் பெரும்பாலும் சம்பந்தம் பேசும்போதுதான் இது காதில் விழும். பெரிய வீடு, வாசலில் கார், பேச்செல்லாம் கம்பீரம், ஆனால் விசாரித்தால் வீடே அடமானத்தில் இருக்கும், அப்போது வீட்டுப் பெரியவர்கள் யாராவது இதைச் சொல்லி முடித்துவைப்பார்கள். "மண்குதிரையை நம்பி ஆற்றில் இறங்கலாமா" என்பதும் இதற்குப் பக்கத்து வீட்டுப் பழமொழிதான், ஆனால் அது நம்பி இறங்குகிறவனைப் பார்த்துச் சொல்வது, இது அந்தப் பொருளையே பார்த்துச் சொல்வது.

சேலத்தில் தெலுங்கு பேசும் குடும்பங்கள் நிறைய இருப்பதால் இதன் தெலுங்கு வடிவமும் இங்கே புழக்கத்தில் உண்டு. வேமனர் என்ற தெலுங்குக் கவிஞரின் பாட்டு அது. "மேடி பண்டு சூட மேலிமையுண்டு, பொட்ட விப்பி சூட புருகுலுண்டு" என்று தொடங்கும். மேடி என்றால் அத்தி. பார்த்தால் பொன்னாக மின்னும், வயிற்றைப் பிரித்தால் புழுக்கள் இருக்கும், கோழையின் மனசுக்குள் இருக்கிற வீறாப்பும் இப்படித்தான் என்று வேமனர் முடிக்கிறார். எனக்கு நம் பழமொழியைவிட இது ஒரு படி மேலாகப் படுகிறது, ஏனென்றால் குறை எங்கே ஒளிந்திருக்கிறது என்பதோடு நிற்காமல், அதை மறைக்கத்தான் மேலே அந்த மினுக்கு என்றும் சொல்லிவிடுகிறது.

சரி, பழமொழி எங்கிருந்து வந்தது என்பதற்குப் புத்தகம் தேட வேண்டியதில்லை, பந்தலுக்குப் பக்கத்திலேயே நிற்கிறது. இது நாட்டு அத்தி. காய்கள் கிளை நுனியில் காய்க்காது, அடிமரத்திலும் பெரிய கிளைகளிலும் கொத்துக் கொத்தாக ஒட்டிக்கொண்டிருக்கும், பழுத்தால் செக்கச் செவேல் என்று ஆகிவிடும். வாடிக்கையாளர் இல்லாத நேரத்தில் அந்த அண்ணன் ஒரு பழத்தைப் பறித்து என் கையில் கொடுத்துப் பிட்டுப் பார்க்கச் சொன்னார். மேல்தோலில் ஒரு கீறல் இல்லை, உள்ளே பிரித்ததும் பொடிப் பொடியாகக் கருப்புப் பூச்சிகள், சிலது சிறகடித்துக்கொண்டு வெளியே வந்தன. அடுத்ததைப் பிட்டாலும் அதே கதை, அதற்கடுத்ததும் அதே. ஒரு மரத்தடியில் கால் மணி நேரம் நின்றால் போதும், "அத்தனையும்" என்ற சொல் அந்தப் பழமொழியில் எதற்கு என்று புரிந்துவிடும். அது வெறும் எதுகைக்காகப் போட்டதில்லை.

காரணமும் அழகானது. அத்திக்குப் பூ இல்லை என்று நாம் நினைக்கிறோம், அதனால்தான் அரிதாக நடப்பதை அத்தி பூத்தாற்போல என்கிறோம், ஔவையாரும் "பூவாதே காய்க்கும் மரமுமுள" என்றே பாடினார். உண்மையில் பூ இருக்கிறது. நாம் காய் என்று சொல்கிற உருண்டைக்குள்ளேதான் நூற்றுக்கணக்கான பூக்கள் உள்பக்கம் பார்த்தபடி இருக்கின்றன. அவற்றுக்கு மகரந்தம் கொண்டுபோக வேண்டுமென்றால் யாராவது உள்ளே போக வேண்டும். இரண்டு மில்லிமீட்டர் அளவுள்ள ஒரு குளவி இனம் அந்த வேலையைச் செய்கிறது. காயின் நுனியில் இருக்கிற மிகச் சின்னத் துளை வழியாகப் பெண் குளவி நெருக்கிக்கொண்டு நுழையும், நுழையும்போதே சிறகு பிய்ந்துவிடும். உள்ளே மகரந்தத்தைச் சேர்த்து, சில பூக்களில் முட்டையிட்டு, அங்கேயே செத்துவிடும். முட்டையிலிருந்து வருகிற ஆண் குளவிகளுக்குச் சிறகே கிடையாது, அவை இணைசேர்ந்து, வெளியே போக வழி குடைந்து கொடுத்துவிட்டு உள்ளேயே முடிந்துபோகும். இளம் பெண் குளவிகள் மகரந்தத்தைச் சுமந்துகொண்டு அந்த வழியாகப் பறந்து அடுத்த காயைத் தேடிப் போகும். குளவி நுழையாத நாட்டு அத்திக்காயில் விதை பிடிக்காது. ஆக நாம் சொத்தை என்று முகம் சுளிக்கிற அந்தப் பூச்சிதான் அந்த மரத்துக்கு வம்சம் தருகிறது. பழமொழி மனிதர்களைப் பற்றிச் சொல்வது சரி, அத்தியைப் பற்றிச் சொல்வதில் எனக்கு மனத்தாங்கல் உண்டு.

(டப்பாவில் உலர்ந்து வருகிற சீமை அத்தி வேறு. அதில் பல ரகங்கள் குளவி இல்லாமலே பழுக்கும், பயப்படாமல் சாப்பிடலாம்.)

மாம்பழத்தில் விஷயம் வேறு மாதிரி. இங்கே அத்தனையும் கெட்டிருக்காது, ஒரு பெட்டியில் எது கெட்டது என்று வெளியில் இருந்து தெரியாது, அதுதான் தொல்லை. இந்தக் கடையில் நான் கற்றுக்கொண்டது இதைத்தான்: ஒவ்வொரு ரகத்துக்கும் ஒளிந்திருக்கிற குறை தனி, அதைத் தெரிந்து அறுத்துப் பார்த்தால்தான் பிடிபடும்.

முதலில் கொட்டை வண்டு. மாம்பழத்தில் ஒரு ஓட்டை இல்லை, கீறல் இல்லை, வண்டு எப்படி உள்ளே போனது என்று நாம் எல்லோருமே சின்ன வயதில் கேட்டிருப்போம். பிஞ்சாக இருக்கும்போதே தாய் வண்டு தோல்மேல் முட்டையிட்டுவிடுகிறது. பொரிந்து வரும் புழு இளஞ்சதையைத் துளைத்துக்கொண்டு நேராகக் கொட்டைக்குள் போய்விடும், காய் பெருக்கப் பெருக்க அந்தத் துளை தானாக ஆறி மூடிக்கொள்ளும். பழுக்கும்போது வெளியே ஒரு தடயமும் மிச்சம் இருக்காது. அறுத்த பழத்தில் இப்படி ஒன்று வந்தபோது அந்த அண்ணன் ஒளிக்கவில்லை, பிளந்த கொட்டையோடு எடுத்துக் காட்டி, "வண்டு கொட்டையோட நின்னுருச்சுங்க, சதையில ஒண்ணுமில்ல, சாப்பிடலாம், வேண்டாம்னா மாத்திக்கங்க" என்றார். அவர் சொன்னது சரிதான், பெரும்பாலும் சதைக்குச் சேதம் வராது. பழுத்த பிறகு அதிக நாள் வைத்திருந்தால்தான் வண்டு சதையைக் குடைந்து வெளியே வரும். பந்தலில் விழுகிற கொட்டைகளை அவர்கள் தோட்டத்துப் பக்கம் வீசுவதே இல்லை, ஒரு டிரம்மில் சேர்த்து எரித்துவிடுகிறார்கள். கீழே கிடக்கிற கொட்டையிலிருந்து வண்டு வெளியே வந்து மரப்பட்டை இடுக்கில் பதுங்கி அடுத்த வருடப் பிஞ்சுக்காகக் காத்திருக்கும் என்பதால் இது மிகவும் முக்கியமான வேலை, எத்தனையோ தோட்டங்களில் இதைச் செய்வதில்லை.

அடுத்தது அல்போன்சா. சேலத்தில் இதற்கு நல்ல கிராக்கி, நிறமும் வாசனையும் ஆளை இழுக்கும். ஆனால் சில பழங்களில் கொட்டையைச் சுற்றிச் சதை வெளுத்து, பஞ்சு பஞ்சாகி, புளித்த வாடை அடிக்கும். பறிக்கும்போதும் தெரியாது, தொட்டாலும் தெரியாது. மரத்தில் இருக்கும்போதே உள்ளே விதை முளைக்கத் தயாராகி, சதையில் இருக்கிற சத்தை இழுப்பதால் இப்படி ஆகிறது என்பது ஆராய்ச்சியாளர்கள் சொல்கிற முக்கியமான காரணம். அக்கா அல்போன்சா கேட்பவர்களிடம் ஒன்றுக்கு இரண்டாக அறுத்துக் காட்டுகிறார், கூடவே செந்தூராவையோ இமாம் பசந்தையோ எடுத்துப் பாருங்கள் என்றும் சொல்லிவிடுகிறார், இரண்டிலும் இந்தத் தொந்தரவு அவ்வளவு இல்லை என்பது அவர் அனுபவம்.

மல்கோவாவுக்கு நேர் எதிர்க் கதை. பழுத்தாலும் தோல் பச்சையாகவே இருக்கும், தெரியாதவர்கள் காய் என்று ஒதுக்கிவிடுவார்கள், உள்ளே நாரில்லாமல் வெண்ணெயாகக் கரையும். இமாம் பசந்தும் அப்படித்தான், பச்சைத் தோல், தோல் வேறு மெலிசு. வெளித்தோற்றத்தை நம்பி வாங்குகிறவர்களுக்கு இந்த இரண்டும் கிடைக்கவே கிடைக்காது.

அப்புறம் கல் வைத்துப் பழுக்க வைக்கிற பிரச்சினை. போன வருடம் நகருக்குள் ஒரு கடையில் சென்னையில் இருக்கிற அத்தைக்காக ஒரு பெட்டி வாங்கினேன். மேலே கீழே எல்லாம் ஒரே சீரான மஞ்சள், பார்க்க அவ்வளவு எடுப்பு. அத்தை போன் செய்து, கொட்டைப் பக்கம் வெள்ளையாக இருக்கிறது, வாயில் வைக்க முடியவில்லை, நாக்கு அரிக்கிறது என்றார். கடைக்காரரிடம் கேட்டால் பார்சலில் அனுப்பினால் அப்படித்தான் ஆகும் என்று கையை விரித்துவிட்டார். அப்படியெல்லாம் ஆகாது. முற்றாத காயைப் பறித்து கார்பைட் கல்லை வைத்தால், காற்றில் இருக்கிற ஈரம் பட்டு அசிட்டிலீன் வாயு வரும், அது தோலை மட்டும் மஞ்சளாக்கும், உள்ளே மாவு சர்க்கரையாக மாறியிருக்காது. அந்தக் கல்லில் ஆர்சனிக், பாஸ்பரஸ் எல்லாம் கலந்திருக்கும், அதனால்தான் 2011-ம் ஆண்டு உணவுப் பாதுகாப்பு விதிமுறைகளில் இப்படிப் பழுக்க வைத்த பழத்தை விற்பதே தடை செய்யப்பட்டிருக்கிறது. எத்திலீன் வாயுவைத்தான் அளவோடு, 100 பிபிஎம் (பத்து லட்சத்தில் 100 பங்கு) வரை பயன்படுத்தலாம் என்று அனுமதித்திருக்கிறார்கள். விதி இவ்வளவு தெளிவாக இருந்தும் மாங்கனி நகரம் என்று பெயர் வாங்கிய ஊரிலேயே இப்படி ஒரு பெட்டி விற்கிறார்கள் என்பது எனக்கு உண்மையாகவே கோபம் வருகிற விஷயம். குழந்தைகள் சாப்பிடுகிற பழம் இது.

இந்தப் பந்தலில் வைக்கோல்தான். காம்போடு பறித்து, பால் வடியவிட்டு, வைக்கோல் பரப்பிப் பழுக்கப் போடுகிறார்கள். நிறம் ஒரே மாதிரி வராது, ஒரு பக்கம் மஞ்சள் ஒரு பக்கம் பச்சை, அங்கங்கே கரும்புள்ளி. போட்டோ எடுத்து அனுப்பினால் யாரும் ஆசைப்பட மாட்டார்கள். அறுத்தால் கொட்டை வரைக்கும் ஒரே நிறம், ஒரே இனிப்பு.

அறுத்துப் பார்த்து வாங்குவது வீம்பு என்று நினைப்பவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். நாடுகளே அப்படித்தான் வாங்குகின்றன. கொட்டை வண்டுக்கும் பழ ஈக்கும் பயந்து அமெரிக்கா பல வருடம் இந்திய மாம்பழத்தை உள்ளே விடவில்லை, கதிர்வீச்சு கொடுத்து அனுப்ப ஒப்புக்கொண்ட பிறகு 2007-ல்தான் கதவு திறந்தது. 2014 மே மாதம் ஐரோப்பிய ஒன்றியம், வந்த சரக்கில் பழ ஈ இருந்தது என்று தடை போட்டது, ஏற்றுமதிச் சோதனையை இங்கே சரிசெய்த பிறகு 2015 தொடக்கத்தில்தான் தடை நீங்கியது. வெளிநாட்டுக்காரருக்குக் கிடைக்கிற அந்தச் சோதனை உள்ளூர்க்காரருக்கு ஏன் கிடைக்கக் கூடாது?

விலை சொல்லிவிடுகிறேன். நான் வாங்கியபோது செந்தூரா கிலோ 70 ரூபாய், சேலம் பெங்களூரா 40, இமாம் பசந்த் 180. நகரத்துக் கடைகளோடு ஒப்பிட்டால் பெரிய வித்தியாசம் இல்லை, இமாம் பசந்த் கொஞ்சம் கூடவே இருக்கலாம். ஆனால் வீட்டுக்கு வந்து தூக்கிப் போடுகிற பழம் மிகக் குறைவு என்பதால் கணக்குப் பார்த்தால் இதுதான் மலிவு.

குறைகளும் இருக்கின்றன. ஆட்கள் இரண்டே பேர், ஒவ்வொருவருக்கும் அறுத்துக் காட்டுவதால் நேரம் ஆகிறது, முன்னால் நான்கு பேர் நின்றால் அரை மணி நேரம் போய்விடும். மலைக்குப் போகிற அவசரத்தில் வருகிறவர்கள் பாதியில் கிளம்பிவிடுவதைப் பார்த்திருக்கிறேன். அண்ணன் கொஞ்சம் கறாரான ஆள், பழத்தை அமுக்கிப் பார்த்தால் சத்தம் போடுவார், அமுக்கின இடம் மறுநாள் கன்றிப்போகும் என்பதால் அந்தக் கோபத்தில் நியாயம் இருக்கிறது, இருந்தாலும் வயதானவர்களிடம் கொஞ்சம் தணிவாகச் சொல்லலாம். பில் தர மாட்டார்கள். சிக்னல் சரியாகக் கிடைக்காததால் ஜிபே சில நேரம் சுற்றிக்கொண்டே இருக்கும், கையில் பணம் வைத்துக்கொள்வது நல்லது. பந்தலுக்குள் வெளிச்சம் போதாது, சாயங்காலம் போனால் அறுத்த சதையின் நிறத்தைச் சரியாகப் பார்க்க முடியவில்லை, ஒரு நல்ல பல்பு போடுங்கள் என்று நானே சொல்லிவிட்டு வந்தேன்.

வெளியூருக்கு அனுப்ப வேண்டும் என்றால் முதலிலேயே சொல்லிவிடுங்கள், முழுதாகப் பழுத்ததைத் தர மாட்டார்கள், முற்றின காயாகப் பொறுக்கி வைக்கோல் சுற்றிப் பெட்டி போட்டுத் தருவார்கள், எத்தனை நாளில் எதைச் சாப்பிடலாம் என்று பெட்டி மூடியிலேயே எழுதியும் கொடுப்பார்கள். பார்சல் ஆபீசுக்கு நாம்தான் கொண்டுபோக வேண்டும். அத்தைக்கு இந்த முறை இங்கிருந்துதான் போனது, ஒரு பழம்கூட வீணாகவில்லை என்றார்.

போகிறவர்கள் காலை 7 மணியிலிருந்து 10 மணிக்குள் போய்விடுங்கள். சனி, ஞாயிறில் ஏற்காடு வண்டிகள் வரிசை கட்டும், பந்தல் முன்னால் நிறுத்த இடம் இல்லை, 50 அடி தள்ளி ஓடைப் பாலத்துக்கு அப்பால் நிறுத்திவிட்டு நடந்து வரலாம். ஜூன் பாதிக்கு மேல் ஒரு மழை பெய்துவிட்டால் பழ ஈ பெருகிவிடும், அப்போது வாங்குவதாக இருந்தால் கூடுதலாக ஒரு பழத்தை அறுக்கச் சொல்லிக் கேளுங்கள், மறுக்க மாட்டார்கள்.